லத்தீன் கலைப் பெண்களைக் கௌரவிக்கும் விருதுகள்: எங்கே தொடங்கி, எப்படிப் பின்தொடர்வது?

ஷகீரா மேடையில் விருதோடு நின்று பேசும் ஒரு காணொளித் துண்டு கைபேசியில் வருகிறது. கீழே ‘ஆண்டின் சிறந்த பெண்’ என்று ஒரு வரி. யார் கொடுத்தார்கள், எதற்காக என்று தேடப் போனால் லத்தீன் கிராமி, லத்தீன் பில்போர்டு, லோ நுவெஸ்ட்ரோ, பிளாட்டினோ என்று பெயர்கள் வந்து குவிகின்றன. எது பெரியது, எது சின்னது, எது பாட்டுக்கு, எது படத்துக்கு என்று ஒன்றும் புரிவதில்லை. எனக்கும் தொடக்கத்தில் அப்படித்தான் இருந்தது. ஒரு நோட்டுப் போட்டு, வருடவாரியாக எழுதி வைக்க ஆரம்பித்த பிறகுதான் தலையும் காலும் பிடிபட்டது. அந்த நோட்டு எனக்குக் கற்றுக்கொடுத்த வரிசையிலேயே இங்கே எழுதுகிறேன்.

ஒரு விருதின் எடையைத் தெரிந்துகொள்ள, வாங்கியவர் பெயர் மட்டும் போதாது. தேர்ந்தெடுத்தது யார், அதே மேடையில் அவருக்கு முன்னால் எத்தனை பெண்கள் நின்றிருக்கிறார்கள் என்ற இரண்டையும் பார்க்க வேண்டும். கீழே உள்ள படிகள் எல்லாமே இந்த இரண்டு கேள்விகளைச் சுற்றித்தான்.

முதல் படி: ‘லத்தீன்’ என்றால் யார் யார் என்று தெளிவாக்கிக்கொள்ளுங்கள்

இதைத் தாண்டிப் போனால் பிறகு ஒவ்வொரு பெயரிலும் தடுமாற வேண்டியிருக்கும். மெக்சிகோ, கொலம்பியா, அர்ஜென்டினா, கியூபா, போர்ட்டோ ரிக்கோ என்று ஸ்பானிய மொழி பேசும் நாடுகளும் தீவுகளும் ஒரு பக்கம். போர்ச்சுகீசிய மொழி பேசும் பிரேசில் இன்னொரு பக்கம். அமெரிக்காவிலேயே பிறந்து வளர்ந்த லத்தீன் வம்சாவளியினர் மூன்றாவது. டெக்சாஸில் பிறந்த பாடகி செலீனா ஆங்கிலம் பேசித்தான் வளர்ந்தார். ஸ்பானிய மொழியைப் பாடிப் பாடியே கற்றுக்கொண்டார். அவருடைய பெயரைத்தான் செலீனா கோமஸுக்கு அவர் பெற்றோர் வைத்தார்கள்.

அப்புறம் ஐரோப்பா. லத்தீன் இசைக்கான பெரிய விருதான லத்தீன் கிராமி பார்ப்பது பிறப்பை அல்ல, பாடும் மொழியை. அது ஸ்பானிய மொழியாகவோ போர்ச்சுகீசியமாகவோ இருந்தால் கதவு திறக்கும். அதனால்தான் ஸ்பெயினின் கத்தலோனியாவில் பிறந்த ரொசாலியா அங்கே பெரிய விருதுகளை வாங்குகிறார். இத்தாலியில் பிறந்து ஸ்பானிய மொழியிலும் பாடும் லாவ்ரா பௌசினி 2023-இல் அதை நடத்தும் அமைப்பின் உயர்ந்த தனிநபர் கௌரவத்தையே பெற்றார். ஐரோப்பாவில் பிறந்த ஒருவரை லத்தீன் கலைஞர் என்று அழைக்கலாமா என்று லத்தீன் அமெரிக்காவில் காரசாரமாக விவாதம் நடந்தது, இன்னும் நடக்கிறது. கேட்பவர்களின் பக்கம் நியாயம் இருப்பதாகவே எனக்குப் படுகிறது. ஸ்பெயின் ஆண்ட நாடுகளின் கலைஞர்களும் ஸ்பெயினின் கலைஞர்களும் ஒரே வரிசையில் நிற்கும்போது அந்தக் கேள்வி எழாமல் இருக்காது.

இரண்டாம் படி: தேர்ந்தெடுப்பவர் யார் என்று பாருங்கள்

என் நோட்டில் ஒவ்வொரு விருதுக்கும் எதிரே ஒரு எழுத்து போட்டு வைத்திருக்கிறேன். தொழில் செய்பவர்களே வாக்களித்தால் ‘தொ’. விற்பனையும் கேட்கப்படும் அளவும் முடிவு செய்தால் ‘வி’. ரசிகர் வாக்கு என்றால் ‘ர’. ஒரு பத்திரிகையோ அமைப்பின் நிர்வாகமோ உட்கார்ந்து முடிவு செய்தால் ‘நி’. இந்த நான்கு எழுத்திலேயே பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

லத்தீன் கிராமியின் போட்டிப் பிரிவுகள் ‘தொ’. பாடகர்கள், பாடலாசிரியர்கள், ஒலிப்பதிவாளர்கள் போன்ற உறுப்பினர்கள் வாக்களிக்கிறார்கள். லத்தீன் ரெக்கார்டிங் அகாதெமி என்ற அமைப்பு இதை 2000-ஆம் ஆண்டிலிருந்து நடத்துகிறது. லத்தீன் பில்போர்டு இசை விருதுகள் பெரும்பாலும் ‘வி’. பில்போர்டு என்ற அமெரிக்க இசைப் பத்திரிகையின் தரவரிசைப் பட்டியலில் யார் எத்தனை நாள் எந்த இடத்தில் இருந்தார்கள் என்ற கணக்குதான் அங்கே பேசும். ‘நம்முடையது’ என்று பொருள்படும் லோ நுவெஸ்ட்ரோ 1989-இல் தொடங்கியது. அதில் இப்போது ரசிகர்கள் இணையத்தில் வாக்களிக்கிறார்கள், அதனால் ‘ர’.

சிலி நாட்டில் வீன்யா தெல் மார் என்ற கடற்கரை ஊரில் 1960-இலிருந்து நடக்கும் பாட்டுத் திருவிழாவை இந்த நான்கில் எதிலும் சரியாக அடக்க முடியவில்லை. போட்டிப் பாடல்களுக்கு நடுவர்கள் உண்டு. அழைப்பின் பேரில் வந்து பாடும் கலைஞர்களுக்கோ வாக்குச் சீட்டும் இல்லை, நடுவர் அறையும் இல்லை. கலைஞர் பாடி முடித்ததும் கூட்டம் எழுந்து ‘கவியோட்டா, கவியோட்டா’ என்று கத்தும். கவியோட்டா என்றால் கடற்புறா. சத்தம் அடங்காவிட்டால் தொகுப்பாளர்கள் வெள்ளிக் கடற்புறாச் சிலையைக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அதற்கும் அடங்காவிட்டால் தங்கத்தையும் கொடுத்துத்தான் ஆக வேண்டும். அந்தக் கூட்டத்துக்கு ஊர் வைத்திருக்கும் பெயர் ‘எல் மோன்ஸ்த்ருவோ’, அதாவது அரக்கன். பிடிக்காத கலைஞரைச் சீழ்க்கையடித்தே மேடையை விட்டு இறக்கிவிடும் கூட்டம் அது. அதனிடமிருந்து கடற்புறாவை வாங்கிவிட்டால் அந்தக் கலைஞர் வாழ்நாள் முழுக்க அதைச் சொல்லிக்கொள்ளலாம்.

மூன்றாம் படி: பெண்களுக்கென்றே இருக்கும் விருதுகளைத் தனியாக எழுதுங்கள்

இதில் முக்கியமானவை இரண்டு. ஒன்று, பில்போர்டு பத்திரிகையும் டெலிமுண்டோ தொலைக்காட்சியும் சேர்ந்து 2023-இல் தொடங்கிய ‘இசையில் லத்தீன் பெண்கள்’ விழா. முதல் விழா ஃபுளோரிடாவில் நடந்தது. அந்த வருடம் ‘ஆண்டின் சிறந்த பெண்’ ஷகீரா. கூடவே மெக்சிகோவின் மூத்த பாடகி ஆனா கப்ரியேல், தாலியா, அர்ஜென்டினாவின் இளம் பாடகிகள் எமிலியா, மரியா பெசேரா, கொலம்பியாவின் ஆப்பிரிக்க வம்சாவளிப் பாடகி கோயோ ஆகியோரும் கௌரவிக்கப்பட்டார்கள். 2025-இல் அதே பட்டம் செலீனா கோமஸுக்குப் போனது. யாருக்குக் கொடுப்பது என்று முடிவெடுப்பது பத்திரிகை, ஆகவே இது ‘நி’.

இங்கே ஒரு குழப்பம் வரும், கவனம். பில்போர்டு எல்லா மொழிக் கலைஞர்களுக்குமாக ‘இசையில் பெண்கள்’ என்று வேறொரு விழாவையும் அதற்கு முன்பிருந்தே நடத்துகிறது. 2024 மார்ச்சில் கொலம்பியாவின் கரோல் ஜி ஆண்டின் சிறந்த பெண்ணாகத் தேர்வானது அந்தப் பொது மேடையில். பெரும்பாலும் ஸ்பானிய மொழியிலேயே பாடி உலகப் பொது மேடைக்கு ஒருவர் போனதால், அந்த வரிக்குப் பக்கத்தில் ஒரு நட்சத்திரம் போட்டு வைத்திருக்கிறேன்.

இன்னொன்று, லத்தீன் ரெக்கார்டிங் அகாதெமி 2017-இல் தொடங்கிய ‘லீடிங் லேடீஸ் ஆஃப் என்டர்டெய்ன்மென்ட்’. இது மேடையில் பாடுபவர்களை மட்டும் தேடுவதில்லை. பாடல் எழுதுபவர், நிறுவனம் நடத்துபவர், கலைஞர்களின் தொழிலை நிர்வகிப்பவர் என்று துறையின் உள்ளே இருக்கும் பெண்களையும் அழைத்துக் கௌரவிக்கிறது. முதல் வருடமே பனாமாவில் பிறந்த பாடலாசிரியர் எரிகா எண்டரை அழைத்தார்கள். அவரைப் பற்றிக் கொஞ்சம் பொறுத்துப் பேசுவோம்.

பெண்களுக்கு எதற்குத் தனி விருது, பொதுவிலேயே ஜெயிக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. அவர்களிடம் நான் அடுத்த படியில் உள்ள கணக்கைக் காட்டுவேன்.

நான்காம் படி: எண்ணுங்கள்

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு படியைத்தான் செய்ய நேரம் இருக்கிறது என்றால் இதைச் செய்யுங்கள். ஒரு பொது விருதை எடுத்து, தொடக்கத்திலிருந்து வாங்கியவர் பட்டியலை எழுதி, பெண்களின் பெயரை வட்டமிடுங்கள். கால் மணி நேர வேலை.

லத்தீன் ரெக்கார்டிங் அகாதெமியின் ‘ஆண்டின் சிறந்த ஆளுமை’ கௌரவத்தை எடுத்துக்கொள்வோம். 2000 முதல் 2025 வரை, இடையில் 2020-ஐ விட்டுவிட்டு, 25 முறை கொடுக்கப்பட்டிருக்கிறது. பெண்கள் மூன்றே பேர். 2008-இல் குளோரியா எஸ்டெஃபான், 2011-இல் ஷகீரா, 2023-இல் லாவ்ரா பௌசினி. முதல் வருடம், 2000-இல், அதை வாங்கியவர் குளோரியாவின் கணவர் எமிலியோ எஸ்டெஃபான். ஊர் ஊராகப் பாடி அந்தக் குடும்பத்தின் பெயரை உலகுக்குக் கொண்டுபோன குரல் குளோரியாவுடையது. அவருடைய முறை வர எட்டு வருடம் ஆனது. எமிலியோ பெரிய தயாரிப்பாளர், அதில் சந்தேகமே இல்லை. இருந்தாலும் அந்த இரண்டு வருடங்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்தபோது எனக்கு மனம் கனத்தது.

அடுத்து, லத்தீன் கிராமியின் ‘ஆண்டின் சிறந்த ஆல்பம்’. தனிப் பெண் கலைஞரின் ஆல்பம் முதலில் ஜெயித்தது 2006-இல், ஷகீராவுக்கு. அதற்குப் பிறகு 2019 வரை ஒரு பெண்ணும் இல்லை, 13 வருட இடைவெளி. 2019-இல் ரொசாலியா வந்ததும் நிலைமை சடசடவென்று மாறியது. 2020-இல் மெக்சிகோவின் நதாலியா லஃபூர்காட், 2022-இல் மறுபடியும் ரொசாலியா, 2023-இல் கரோல் ஜி. முதல் 19 விழாக்களில் ஒன்று, அடுத்த ஏழு விழாக்களில் நான்கு. காற்று திசை மாறியதை இந்த எண்கள் எந்த மேடைப் பேச்சையும்விடத் தெளிவாகக் காட்டுகின்றன. 2024, 2025 இரண்டு வருடமும் ஆண்கள்தான் என்பதையும் எழுதி வையுங்கள்.

எண்ணும்போது பிரிவுகள் மாறிய வருடத்தையும் கவனிக்க வேண்டும். லத்தீன் கிராமியில் பாப் பாடலுக்கு ஆண், பெண் என்று தனித்தனி ஆல்பம் விருதுகள் 2011 வரை இருந்தன. 2012-இல் பால் வேறுபாட்டை எடுத்துவிட்டு, சமகாலப் பாப், மரபான பாப் என்று பிரித்தார்கள். சமத்துவம் மாதிரித்தான் தெரிகிறது. அதே நேரம், வருடத்துக்கு ஒரு பெண்ணுக்கு நிச்சயமாக இருந்த ஓர் இடம் அதோடு போய்விட்டது. இதில் எது சரி என்று என்னால் ஒரே வார்த்தையில் சொல்ல முடியவில்லை.

அர்ஜென்டினாவின் கணக்கு இன்னும் கூர்மையானது. அங்கே கார்தெல் விருதுகள் என்று உண்டு, டாங்கோ பாடகர் கார்லோஸ் கார்தெலின் பெயரால் கொடுப்பது. அதில் உச்சம் ‘தங்க கார்தெல்’. 2000-ஆம் ஆண்டு அதை நாட்டுப்புறப் பாடகி மெர்சேதெஸ் சோசா வாங்கினார். அடுத்த பெண் 2019-இல்தான் வந்தார், ராக் பாடகி மரிலினா பெர்தோல்தி. அவர் விருதைக் கையில் வைத்துக்கொண்டே, இதற்கு முன் இதை வாங்கிய ஒரே பெண் 19 வருடங்களுக்கு முன் மெர்சேதெஸ் சோசா என்று மேடையிலேயே கணக்குச் சொன்னார். இன்று வாங்குவது ஒரு லெஸ்பியன் என்றும் சேர்த்துச் சொன்னார்.

அதே 2019-இன் கடைசியில் அர்ஜென்டினாவில் ஒரு சட்டம் வந்தது. மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட கலைஞர்கள் பங்கேற்கும் இசை விழாக்களில் குறைந்தது 30 சதவீதம் பெண் கலைஞர்கள் இருக்க வேண்டும் என்பதே அதன் சாரம். விருதைப் பற்றிப் பேசும்போது இது எதற்கு என்று தோன்றலாம். மேடை ஏறவே இடம் கிடைக்காதவர் விருதுப் பட்டியலுக்கு எப்படி வருவார்? அதற்காக நீண்ட காலம் போராடியவர்கள் அந்த நாட்டின் பெண் இசைக் கலைஞர்கள்.

ஐந்தாம் படி: மேடைக்குப் பின்னால் தேடுங்கள்

டெஸ்பாசிட்டோ கேட்காத தமிழ்க் காது குறைவு. 2017-இல் அந்தப் பாட்டு உலகையே ஒரு சுற்றுச் சுற்றியது. லூயிஸ் ஃபோன்சி, டாடி யாங்கி என்ற இரண்டு ஆண்களின் குரல்தான் எல்லோருக்கும் தெரியும். பாட்டை எழுதிய மூவரில் மூன்றாமவர் எரிகா எண்டர். அந்த வருடம் லத்தீன் கிராமியில் அது ‘ஆண்டின் சிறந்த பாடல்’ என்று தேர்வானபோது விருது அவருக்கும் சேர்ந்தது.

இங்கே ஒரு நுணுக்கம் தெரிந்திருக்க வேண்டும். கிராமி வகை விருதுகளில் ‘ஆண்டின் சிறந்த பதிவு’, ‘ஆண்டின் சிறந்த பாடல்’ என்று இரண்டு தனி விருதுகள் உண்டு. பதிவு என்பது ஒலிப்பதிவுக்கு. பாடியவர், தயாரித்தவர், ஒலி அமைத்தவர் வாங்குவார்கள். பாடல் என்பது எழுத்துக்கும் மெட்டுக்கும். அதை எழுதியவர்கள் மட்டும் வாங்குவார்கள். பெண்களின் உழைப்பைத் தேடும்போது இரண்டாவது பட்டியலையும் கட்டாயம் பாருங்கள். பாடியவரின் பெயரோடு நின்றுவிட்டால் எரிகா எண்டர் உங்கள் கண்ணிலேயே படமாட்டார்.

தயாரிப்பாளர் பிரிவு இன்னும் வறட்சி. லத்தீன் கிராமியின் ‘ஆண்டின் சிறந்த தயாரிப்பாளர்’ விருதை ஒரு பெண் முதன்முதலில் வாங்கியது 2018-இல். அவர் வெனிசுவேலாவின் லிண்டா பிரிசேன்யோ, ட்ரம்பெட் வாசிப்பவர். விருது தொடங்கி 18 வருடம் கழித்துத்தான் இது நடந்தது. இசைச் செயலிகளில் ஒரு பாட்டின் மேல் அழுத்தினால் அதை உருவாக்கியவர்கள் பட்டியல் விரியும். ஒரு வாரத்துக்கு, பிடித்த ஒவ்வொரு பாட்டுக்கும் அதைத் திறந்து பாருங்கள். ஒலிக்கலவை, தயாரிப்பு என்ற வரிகளில் எத்தனை பெண் பெயர் வருகிறது என்று எண்ணிக்கொண்டே வாருங்கள்.

ஆறாம் படி: திரைக்கு ஒரு தனிப் பக்கம்

பாட்டையும் படத்தையும் ஒரே பக்கத்தில் எழுதினால் குழம்பும். திரைப் பக்கத்தின் முதல் பெயராக மெக்சிகோவின் காத்தி ஹுராதோவை எழுதலாம். 1953-இல் கோல்டன் குளோப் வாங்கினார், பிறகு 1955 ஆஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டார். அடுத்தவர் போர்ட்டோ ரிக்கோவின் ரீத்தா மொரேனோ. 1962-இல் வெஸ்ட் சைட் ஸ்டோரியில் அனிதாவாக நடித்ததற்கு ஆஸ்கார் வாங்கினார். 1977-க்குள் தொலைக்காட்சிக்கான எம்மி, இசைக்கான கிராமி, நாடக மேடைக்கான டோனி என்று அமெரிக்காவின் மற்ற மூன்று பெரிய விருதுகளும் அவர் வீட்டுக்கு வந்துவிட்டன.

ஆஸ்கார் வாங்கியதும் அவருக்கு வாய்ப்புகள் குவிந்திருக்கும் என்று நினைப்போம். நடந்தது வேறு. அதே மாதிரி, அதைவிடச் சின்ன வேடங்களாகவே வந்தன, அவற்றை மறுத்துச் சில வருடங்கள் ஹாலிவுட்டை விட்டு விலகி இருந்தேன் என்று அவரே பல முறை சொல்லியிருக்கிறார். விருது ஒரு இரவு. அடுத்த நாள் காலை வேலை கொடுக்க வேண்டியவர்கள் வேறு ஆட்கள். 1962-இல் உடுத்திய அதே கவுனை 2018 ஆஸ்கார் விழாவுக்கும் உடுத்திக்கொண்டு வந்தார், 86 வயதில். அந்தப் படங்களைத் தேடிப் பாருங்கள், கண் நிறைந்துவிடும். அதே அனிதா வேடம் 2022-இல் அரியானா டிபோஸுக்கும் ஆஸ்காரைத் தந்தது.

பிரேசிலில் ஒரு தாயும் மகளும் இருக்கிறார்கள். ஃபெர்னாண்டா மொன்டெனெக்ரோ 1999-இல் சிறந்த நடிகைக்கான ஆஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டார், கிடைக்கவில்லை. 2025-இல் அவர் மகள் ஃபெர்னாண்டா தோரெஸ் அதே பிரிவில் பரிந்துரை பெற்றார், அதற்கு முன் ஜனவரியில் கோல்டன் குளோப்பும் வாங்கினார். இரண்டு படத்துக்கும் இயக்குநர் ஒருவரே, வால்டர் சாலஸ்.

ஸ்பானிய, போர்ச்சுகீசிய மொழிப் படங்களுக்கென்றே இருப்பவை பிளாட்டினோ விருதுகள். 2014-இல் பனாமாவில் நடந்த முதல் விழாவில் வாழ்நாள் கௌரவம் பிரேசில் நடிகை சோனியா பிராகாவுக்குக் கொடுக்கப்பட்டது. முதல் பெயரே பெண் பெயராக இருப்பது இந்தத் துறையில் அபூர்வம்.

ஏழாம் படி: நாட்காட்டியில் குறியுங்கள்

பிப்ரவரியில் லோ நுவெஸ்ட்ரோவும் வீன்யா தெல் மாரும். ஏப்ரல், மே வாக்கில் பிளாட்டினோ. ‘இசையில் லத்தீன் பெண்கள்’ விழா ஏப்ரலுக்கும் ஜூனுக்கும் இடையில் நகர்ந்துகொண்டே இருக்கிறது. நவம்பரில் லத்தீன் கிராமி. அமெரிக்காவில் இரவு நடப்பது நமக்கு மறுநாள் காலை, அதனால் தூக்கம் கெடாது. காலைத் தேநீரோடு பார்க்கலாம். முழு விழாவுக்கு நேரம் இல்லையென்றால் ஏற்புரைகளை மட்டும் பாருங்கள். ஸ்பானிய மொழி புரியாவிட்டாலும் காணொளியின் கீழே ஓடும் மொழிபெயர்ப்பு வரிகளை (சப்டைட்டில்) இயக்கினால் ஓரளவு பிடிபடும்.

விருது என்ற பெயர் இல்லாத கௌரவங்களுக்கும் ஒரு ஓரம் ஒதுக்குங்கள். 1960-இல் கியூபாவை விட்டு வந்த செலியா குரூஸ், தாயின் இறுதிச் சடங்குக்குக்கூடத் திரும்பிப் போக அனுமதி கிடைக்காதவர். அவர் இறந்து 21 வருடம் கழித்து, 2024-இல், அமெரிக்கக் கால் டாலர் நாணயத்தில் அவர் உருவம் பொறிக்கப்பட்டது. பக்கத்திலேயே அவர் மேடையில் முழங்கும் ‘அசூக்கர்’ என்ற சொல்லும் இருக்கிறது. அசூக்கர் என்றால் சர்க்கரை.

எட்டாம் படி: ஒரு பெயரில் தொடங்குங்கள்

எல்லா விருதையும் ஒரே நாளில் எழுத உட்கார்ந்தால் சலித்துவிடும். ஒரே ஒரு பெண்ணை எடுத்து, அவர் எந்தெந்த விருதைத் தொட்டார் என்று நூல் பிடித்துப் போங்கள். நான் புதியவர்களுக்குச் சொல்லும் பெயர் ஆங்கெலா அல்வாரெஸ்.

கியூபாவில் பிறந்தவர். சிறு வயதிலேயே பாட்டு எழுதினார், கிட்டார் வாசித்தார். பாடகியாக வேண்டும் என்றபோது, வீட்டுக்குள் பாடு, ஊருக்குப் பாடாதே என்று அப்பா சொல்லிவிட்டார். அவர் அதை ஏற்றுக்கொண்டார். திருமணம், நான்கு பிள்ளைகள், புரட்சிக்குப் பிறகு அமெரிக்காவுக்குப் புலம்பெயர்வு, கணவரின் மரணம் என்று வாழ்க்கை போனது. பாட்டுகளை மட்டும் ஒரு நோட்டில் எழுதிக்கொண்டே இருந்தார். இசையமைப்பாளரான பேரன் அந்தப் பாட்டுகளை ஒலிப்பதிவு செய்தார். 91-ஆவது வயதில் முதல் கச்சேரி. 2022 நவம்பரில், லாஸ் வேகாஸில், லத்தீன் கிராமியின் ‘சிறந்த புதுமுகம்’ விருதை மெக்சிகோவின் இளம் பாடகி சில்வானா எஸ்திராதாவோடு பகிர்ந்துகொண்டார். அப்போது அவருக்கு வயது 95.

அந்த மேடைக் காணொளியை முதலில் பாருங்கள். பிறகு அவருடைய ஆல்பத்தைக் கேளுங்கள். கேட்டுக்கொண்டே நோட்டின் முதல் பக்கத்தில் 2022 என்று எழுதி, எதிரே இரண்டு பெயரையும், தேர்ந்தெடுத்தவர் என்ற இடத்தில் ‘தொ’ என்றும் போடுங்கள்.